ரேஷன் பாமாயிலும் அப்பிச்சி தோப்பும்

ரொம்ப நாளாக எழுத நினைத்து தள்ளிப்போட்டுக்கொண்டே வந்த விஷயம் இது. செமஸ்டர் பரீட்சை முடிந்துவிட்டது, இனிமேலும் சாக்கு சொல்ல முடியாது. கொஞ்சம் நீளமாகப் போகும் போலத் தெரிகிறது. ஒரு டீயைப் போட்டுக்கொண்டு வந்து படிக்கவும் :)

எங்கள் வீட்டில் ரேஷன் கடைக்குப் போகிற வேலை என்னுடையது. அம்மா பனியன் கம்பெனியில் ஓவர்லாக் தைக்கிறார், அப்பா செக்கிங் செக்ஷன். இரண்டு பேரும் காலை எட்டரைக்குப் போனால் ஒன்றரை ஷிப்ட் முடித்து ராத்திரி எட்டரைக்குத்தான் வருவார்கள். அதனால் அரிசி, சர்க்கரை, பருப்பு, பாமாயில் நான்கும் என் சைக்கிளில்தான் வரும். தமிழ்நாட்டு ரேஷனில் பாமாயில் ஒரு லிட்டர் 25 ரூபாய். 2007-ல் சிறப்புப் பொது விநியோகத் திட்டம் என்று ஆரம்பித்ததிலிருந்து பருப்போடு சேர்ந்து வருகிறது. வெளிக்கடையில் எண்ணெய் எந்த விலைக்குப் போனாலும் அந்த 25 அசையாது.

பாமாயில் பாக்கெட்டை நான் எப்போதும் பைக்கு அடியில், அரிசிக்குக் கீழேதான் வைப்பேன். சின்ன வயதில் அம்மா சொல்லிக்கொடுத்த பழக்கம். காரணம் எண்ணெய் கொட்டிவிடும் என்பதில்லை. எங்கள் அப்பிச்சி திடீரென்று வந்து நின்றால் கண்ணில் படக்கூடாது!

அப்பிச்சி என்றால் அம்மாவின் அப்பா. (வெளியூர்க்காரர்களுக்காக இந்த விளக்கம்.) வெள்ளகோவில் பக்கம் மூன்று ஏக்கர் தோட்டம், முழுக்கத் தென்னை. பி.ஏ.பி. வாய்க்காலின் கடைமடை. தண்ணீர் வந்தால் வந்தது, இல்லையென்றால் போர்வெல். அவர் தோப்புத் தேங்காய் காங்கேயம் களத்துக்குப் போய்க் கொப்பரையாகி, ஆலைக்குப் போய் எண்ணெயாகும். திருப்பூர் என்றால் எல்லோருக்கும் பனியன்தான் ஞாபகம் வரும். அதே மாவட்டத்தில் காங்கேயம் ரோட்டில் போய்ப் பாருங்கள், இரண்டு பக்கமும் களம் களமாகத் தேங்காய்ப் பருப்பு காய்ந்துகொண்டிருக்கும். மழை குறைவான பூமி, வெயிலுக்குப் பஞ்சமில்லை. கொப்பரை காயப்போட அதைவிட நல்ல இடம் கிடையாது என்பதால் கேரளாவிலிருந்துகூடத் தேங்காய் இங்கே வருகிறது. ஒரே மாவட்டம், இரண்டு தொழில். ஒன்று வெளிநாட்டுக்காரன் வாங்கினால் வாழும். இன்னொன்று வெளிநாட்டுச் சரக்கு வந்தால் சாகும். எங்கள் வீட்டில் இரண்டுமே இருக்கிறது. அதுதான் பிரச்சினை.

அப்பிச்சி வீட்டில் பாமாயில் என்ற வார்த்தையே கெட்ட வார்த்தை. மாதம் ஒரு கேன் தேங்காய் எண்ணெய் எங்களுக்குக் கொடுத்தனுப்புவார். அம்மா அதைத் தாளிக்கவும் தலைக்கும் விளக்குக்கும் வைத்துக்கொண்டு, வடை, அப்பளம், பூரி எல்லாவற்றையும் பாமாயிலில் போடுவார். நான்கு பேர் இருக்கிற வீட்டில் அந்த ஒரு கேன் எத்தனை நாளைக்கு வரும்?

2024 பொங்கலுக்கு அங்கே போயிருந்தபோது அப்பிச்சி நேராகவே கேட்டுவிட்டார்.

"ஏஞ்சாமி, உங்கொம்மா ரேசன்ல பாமாயில் வாங்கறாளா?"

"இல்லீங் அப்பிச்சி" என்றேன். பொய். அடுப்படியிலிருந்து அம்மா எட்டிப் பார்த்தது தெரிந்தது. அம்மாயி மட்டும் சிரித்தார்.

அப்போது கொப்பரை விலை அடிமட்டத்தில் இருந்த நேரம். 2023-ல் மத்திய அரசு அரவைக் கொப்பரைக்கு அறிவித்த ஆதார விலை குவிண்டாலுக்கு 10,860 ரூபாய், அதாவது கிலோ 108 ரூபாய் 60 காசு. வெளிமார்க்கெட்டில் 80 ரூபாய் பக்கம் போய்க்கொண்டிருந்தது. நாஃபெட் கொள்முதல் செய்ததே என்று கேட்கலாம். செய்தது. ஆனால் அது வாங்குவது கொப்பரை, தேங்காய் அல்ல. ஈரப்பதம் 6 சதவீதத்துக்குள் இருக்கவேண்டும், ஏக்கருக்கு இவ்வளவு என்று அளவும் உண்டு. அப்பிச்சி மாதிரி மூன்று ஏக்கர்க்காரருக்குக் களமும் கிடையாது, காயப்போட ஆளும் கிடையாது. மரத்தடியிலேயே வியாபாரிக்குக் காயாகக் கொடுத்துவிடுவார். ஆதார விலை என்பது அவருக்கு ரேடியோவில் கேட்கிற செய்தி, அவ்வளவுதான். ஒரு காய் எட்டு ரூபாய்க்குப் போனது. அதில் மரம் ஏறுகிறவர் கூலி, உரிப்புக் கூலி, உரம், கரண்டு போக மிச்சம் என்ன என்று நான் பி.காம் மூளையை வைத்துக் கணக்குப் போட்டுக் காட்டினேன். அதற்கு அப்பிச்சி, "இதுக்குத்தான் காலேசுக்குப் பணங் கட்டறமா? இது எனக்கே தெரியும்" என்றார்.

அந்த வருஷம்தான் மாமா தோட்டத்தை விட்டுவிட்டுத் திருப்பூருக்கு வந்து நிட்டிங் கம்பெனியில் நைட் ஷிப்ட் சேர்ந்தார். எங்கள் வீட்டில்தான் தங்கினார். எங்கள் வீட்டு பாமாயில் வடை சாப்பிட்டார். அப்பாவிடம் சொல்லவில்லை. மருமகன், மகள், பேரன், மகன் எல்லோரும் சேர்ந்து ஒரு மனுஷனை ஏமாற்றினோம் :(

சரி, விஷயத்துக்கு வருகிறேன். இந்த பாமாயில் எப்படி நம் ஊர் வடைச்சட்டிக்குள் வந்து விழுந்தது?

நான் நினைத்துக்கொண்டிருந்தது, இந்தியாவுக்கு எண்ணெய் போதாது, ஆதி காலத்திலிருந்தே இறக்குமதிதான் என்று. அப்படி இல்லை. 1986-ல் எண்ணெய்வித்துத் தொழில்நுட்ப இயக்கம் என்று ஒன்றை மத்திய அரசு ஆரம்பித்தது. நல்ல விதை, ஆதார விலை, பால் கூட்டுறவு நடத்திய தேசிய பால்வள வாரியத்தையே எண்ணெய் மார்க்கெட்டிலும் இறக்கிவிட்டது. தாரா என்ற பிராண்டு 1988-ல் அப்படி வந்ததுதான். இறக்குமதியை அரசு நிறுவனம் மட்டுமே செய்ய முடியும். ஏழெட்டு வருஷத்தில் எண்ணெய்வித்து உற்பத்தி ஏறக்குறைய இரண்டு மடங்கானது. 1993-94-ல் நாட்டின் தேவையில் 95 சதவீதத்துக்கு மேல் உள்நாட்டு எண்ணெய்தான். மஞ்சள் புரட்சி என்று பேர் வைத்தார்கள்.

பிறகு 1994-ல் பாமாயிலைத் தனியாரே இறக்குமதி செய்யலாம் என்று திறந்துவிட்டார்கள். ஆரம்ப வரி 65 சதவீதம். 1995-ல் உலக வர்த்தக அமைப்பு வந்த வருஷமே மற்ற எண்ணெய்களையும் சேர்த்துத் திறந்து வரியை 30 ஆக்கினார்கள். 1998-ல் 15. நடுவில் மறுபடி ஏற்றினார்கள், இறக்கினார்கள், 2008 ஏப்ரலில் சுத்திகரிக்காத எண்ணெய்க்கு வரியே இல்லை என்று ஆக்கினார்கள். இங்கே எனக்குத் தூக்கிவாரிப் போட்ட ஒரு விஷயம்: உலக வர்த்தக அமைப்புதான் நம் கையை முறுக்கி வரியைக் குறைக்க வைத்தது என்று நான் மேடையிலேயே பேசியிருக்கிறேன் (காலேஜ் பேச்சுப்போட்டி, இரண்டாம் பரிசு!). உண்மையில் பாமாயிலுக்கு 300 சதவீதம் வரை வரி போட்டுக்கொள்ளலாம் என்று அங்கே இந்தியா வாங்கி வைத்திருக்கிறது. சோயா எண்ணெய்க்குத்தான் 45 என்று கட்டிப்போட்டுக்கொண்டது. ஆக பாமாயில் வரியைக் குறைத்தது பெரும்பாலும் நம் முடிவே. 2010-ல் அமலுக்கு வந்த ஆசியான் ஒப்பந்தத்தில் பாமாயில் வரியைப் படிப்படியாகக் குறைப்போம் என்று எழுதிக்கொடுத்ததும் நாமேதான். அந்த இரண்டாம் பரிசைத் திருப்பிக் கொடுக்கலாமா என்று யோசிக்கிறேன்.

ஏன் குறைத்தார்கள்? வில்லன் யாரும் இல்லை என்பதுதான் இதில் சங்கடமான விஷயம். 2000-த்தின் தொடக்கத்தில் ஒரு இந்தியர் வருஷத்துக்குச் சாப்பிட்ட எண்ணெய் சுமார் 8 கிலோ. இருபது வருஷம் கழித்து அது 19 கிலோவைத் தாண்டிவிட்டது. திருப்பூரிலேயே பாருங்கள். சாயந்திரம் டீ டைமில் கம்பெனி கேட்டுக்கு வெளியே எத்தனை பஜ்ஜிக் கடை, எத்தனை பேக்கரி, ராத்திரியானால் எத்தனை புரோட்டாக் கல்! பஜ்ஜி பத்து ரூபாய்க்குக் கிடைப்பதற்குக் காரணம் அந்தச் சட்டியில் கொதிப்பது கடலெண்ணெய் இல்லை என்பதுதான். பனைமாதிரி இருக்கிற அந்த எண்ணெய்ப்பனை மரம் ஒரு ஹெக்டேருக்கு மூன்று, நான்கு டன் எண்ணெய் கொடுக்கிறது. தென்னை ஒரு டன் கொடுத்தாலே பெரிய விஷயம். நிலக்கடலை அதற்கும் கீழே. இந்தோனேஷியாவும் மலேஷியாவும் சேர்ந்து உலக பாமாயிலில் 80 சதவீதத்துக்கு மேல் எடுக்கிறார்கள். விலையில் அவர்களோடு யாரும் மோத முடியாது. (எங்கள் தெருவில் ஒடிசா, பீகார் தம்பிகள் நிறைய. அவர்களுக்காக அண்ணாச்சி கடையில் கடுகெண்ணெய் பாட்டில் வந்துவிட்டது. அது தனிக்கதை.)

இப்போது இந்தியா வருஷத்துக்கு இறக்குமதி செய்வது சுமார் 160 லட்சம் டன் சமையல் எண்ணெய். நாம் சாப்பிடுவதில் பாதிக்கு மேல் கப்பலில் வருகிறது. உலகத்தில் அதிகமாகச் சமையல் எண்ணெய் இறக்குமதி செய்கிற நாடு நாம்தான். 95 சதவீதத்திலிருந்து இங்கே வந்து சேர முப்பது வருஷம்.

பன்னாட்டு வணிகம் பேப்பரில் எங்களுக்கு ரிக்கார்டோவின் ஒப்பீட்டு நன்மைக் கோட்பாடு உண்டு. 1817-ல் எழுதினார். இங்கிலாந்து துணி நெய்யட்டும், போர்ச்சுகல் ஒயின் செய்யட்டும், மாற்றிக்கொண்டால் இரண்டு பேருக்குமே லாபம். புரொபசர் போர்டில் கட்டம் போட்டு விளக்கியபோது எனக்குள் சிரிப்பு. துணியும் பாட்டிலில் அடைத்த திரவமும்! எங்கள் வீட்டுக் கதையை இருநூறு வருஷத்துக்கு முன்னாடியே ஒருத்தர் எழுதி வைத்துவிட்டாரே என்று. திருப்பூர் துணி தைக்கட்டும், இந்தோனேஷியா எண்ணெய் எடுக்கட்டும். அம்மா தைத்த டி-ஷர்ட் கப்பலில் போகும், அம்மா வடை சுடுகிற எண்ணெய் கப்பலில் வரும். கணக்கு டேலி ஆகிறது.

ஆனால் அந்தக் கட்டத்தில் ஒன்று இல்லை. போர்ச்சுகலில் துணி நெய்துகொண்டிருந்தவன் மறுநாள் காலையில் திராட்சைத் தோட்டத்துக்குப் போய்விடுவான் என்று கட்டம் நினைத்துக்கொள்கிறது. பனியன் கம்பெனியில் அது நடக்கும். இந்த மாதம் போலோ, அடுத்த மாதம் பேபி செட். ஆர்டருக்குத் தகுந்த மாதிரி நூல் மாறும், லைன் மாறும், ஆளே மாறுவார். தென்னை அப்படியா? நட்டுக் காய்க்க ஐந்தாறு வருஷம், நெட்டை ரகமென்றால் இன்னும் ஒன்றிரண்டு கூட. அப்புறம் அறுபது வருஷம் அங்கேயே நிற்கும். இந்த வருஷம் டெல்லியில் வரி குறைந்தது என்பதற்காகத் தோப்பை வெட்டிவிட்டு அடுத்த வருஷம் ஏறியதும் நட முடியாது. வரி ஒரு ராத்திரியில் மாறுகிறது. நான் கணக்கெடுத்துப் பார்த்தேன்: அப்பிச்சி தோப்பில் பாதி மரம் 1990-ல் நட்டது. அந்த மரங்கள் காய்க்கத் தொடங்கும்போது நாடு ஏறக்குறைய தன்னிறைவில் இருந்தது. ஒழுங்காகக் காய்த்துக்கொண்டிருந்தபோது வரி 15. நல்ல வயதில் சைபர். மரம் எந்தத் தப்பும் செய்யவில்லை. நின்ற இடத்தில்தான் நின்றது.

அந்தப் பொங்கலன்று நானும் வாய் கொடுத்துத்தான் பார்த்தேன்.

"நாம தெக்கிற பனியன ஊரு உலகமெல்லாம் வாங்கோணும், ஊரு உலகத்து எண்ணெய நாம மட்டும் வாங்கப்படாதுன்னா எப்படீங் அப்பிச்சி?"

அப்பிச்சி கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, "பனியன் போடாம ஒருத்தனும் சாவமாட்டான் கண்ணு. அவன் ஒரு நாளைக்கு எண்ணெய் தரமாட்டேன்னு சொல்லிப்போட்டா நீ என்ன பண்ணுவே?" என்றார்.

அது ஏற்கனவே நடந்திருந்தது. நான் பிளஸ் ஒன் படித்தபோது, 2022 பிப்ரவரியில் உக்ரைன் போர் தொடங்கியது. அப்போது நமக்கு சூரியகாந்தி எண்ணெய் பெரும்பாலும் அங்கிருந்துதான் வந்துகொண்டிருந்தது. அது நின்றதும் எல்லோரும் பாமாயில் பக்கம் ஓடினார்கள். அதே ஏப்ரல் 28-ஆம் தேதி இந்தோனேஷியா, தன் மக்களுக்கே எண்ணெய் கட்டுப்படியாகவில்லை என்று பாமாயில் ஏற்றுமதியை நிறுத்தியது. உலகத்தில் அதிக பாமாயில் எடுக்கிற நாட்டிலேயே கடையில் எண்ணெய்க்குக் கியூ! தடை மே 23-ல் நீங்கிவிட்டது. மூன்றரை வாரம்தான். அந்த மூன்றரை வாரத்தில் எங்கள் தெரு பஜ்ஜிக் கடை அக்கா பஜ்ஜியை நிறுத்திவிட்டு சுண்டல் போட்டார். அண்ணாச்சி கடையில் ஒரு வீட்டுக்கு ஒரு பாக்கெட்தான். ரேஷன் 25 ரூபாய்தான் அப்போது எங்கள் வீட்டைக் காப்பாற்றியது என்பதையும் சொல்லவேண்டும். அந்த 25-க்கும் சந்தை விலைக்கும் நடுவில் இருந்த பள்ளத்தை அரசாங்கம் நிரப்பியது.

நிறுத்துவதற்குக் காரணம் பசியாகத்தான் இருக்கவேண்டும் என்றும் இல்லை. 2020 ஜனவரியில் நாமே மலேஷியப் பிரதமர் மஹாதீர் காஷ்மீர் பற்றிப் பேசிய மனவருத்தத்தில் சுத்திகரித்த பாமாயில் இறக்குமதிக்குக் கட்டுப்பாடு போட்டோம். இந்தோனேஷியா இப்போது டீசலில் பாமாயிலைக் கலக்கிறது. 2025-லிருந்து 40 சதவீதம். அவர்கள் ஊர் லாரி ஓடுகிற எண்ணெயும் நம் அப்பளம் பொரிக்கிற எண்ணெயும் ஒரே மரத்திலிருந்து வந்தால், கச்சா எண்ணெய் விலை ஏறும்போது அப்பளமும் ஏறத்தானே செய்யும்? 2025-ல் பாமாயில் சோயாவைவிடக் கூட விலையாகப் போய், இந்திய வியாபாரிகள் பாமாயிலைக் குறைத்து சோயாவை அதிகம் இறக்கியது இதனால்தான். ரிக்கார்டோவிடம் இதற்குக் கட்டம் இல்லை.

அப்பிச்சியும் மற்ற தென்னை விவசாயிகளும் பல வருஷமாகக் கேட்பது ஒன்றுதான். ரேஷனில் பாமாயிலை நிறுத்திவிட்டுத் தேங்காய் எண்ணெய் கொடு. கேட்க எவ்வளவு நியாயமாக இருக்கிறது! நானும் முழு ஆதரவு. ஆனால் ஒரு நாள் ராத்திரி தூக்கம் வராமல் கால்குலேட்டரை எடுத்துத் தொலைத்துவிட்டேன்.

தமிழ்நாட்டில் 2 கோடிக்கு மேல் ரேஷன் கார்டுகள். 2 கோடி என்றே வைத்துக்கொள்வோம். கார்டுக்கு மாதம் ஒரு லிட்டர், கிலோவில் 1.8 கோடி. வருஷத்துக்கு 22 கோடி கிலோ எண்ணெய். கொப்பரையிலிருந்து 62 சதவீதம் எண்ணெய் கிடைக்கும் என்றால் 35 கோடி கிலோ கொப்பரை. ஒரு கிலோ கொப்பரைக்கு ஏழெட்டு காய் என்றால் 260 கோடி தேங்காய். தமிழ்நாட்டில் வருஷத்துக்கு விளைவது 500 கோடிக்கு மேல். அதாவது மாநிலத்தில் காய்க்கிறதில் ஏறக்குறைய பாதி ரேஷனுக்கே போகும். சட்னிக்கு, கோயிலுக்கு, கல்யாணத் தாம்பூலப் பைக்கு, வடநாட்டு லோடுக்கு எல்லாம் மீதிப் பாதியில். விலை எங்கே போய் நிற்கும்? விவசாயிக்கு ஆஹா. சட்னி அரைக்கிற ஒன்றரை ஷிப்ட் அம்மாவுக்கு?

பணமும் பார்த்தேன். கொப்பரை 80 ரூபாய்க்கு விழுந்து கிடந்தபோதே ஒரு லிட்டர் எண்ணெய் அடக்கம் 120 ரூபாய் பக்கம் வருகிறது. 25-க்குக் கொடுத்தால் லிட்டருக்கு 95 ரூபாய் மானியம், மாதம் 190 கோடி. பாமாயிலுக்கும் மானியம் உண்டுதான், ஆனால் இவ்வளவு கிடையாது. கொப்பரை 200 ரூபாய் என்றால் அதே எண்ணெய் 290 ரூபாய்க்கு மேல். மாதம் 500 கோடி தாண்டிவிடும். இதையெல்லாம் அப்பிச்சியிடம் நான் சொல்லவில்லை. முழுசாக மாற்ற வேண்டாம், விலை விழுகிற வருஷத்தில் மட்டும் அரசு கொப்பரை வாங்கி எண்ணெயாக்கி, இரண்டு மூன்று மாதத்துக்கு பாமாயிலுக்குப் பதில் கொடுக்கலாமே, காயாகவே கொள்முதல் செய்யலாமே என்று எனக்குத் தோன்றுகிறது. மூன்று ஏக்கர்க்காரருக்கு ஒரு தரை கிடைக்கும், ரேஷன் கார்டுக்கும் பாரமில்லை. மத்திய அரசு 2021-ல் அறிவித்த 11,040 கோடி ரூபாய் திட்டம் இங்கேயே எண்ணெய்ப்பனை நடுவதற்கு. அதற்கு வருஷம் முழுக்கத் தண்ணீர் வேண்டும். கடைமடைக்காரர்களிடம் போய் அதைச் சொன்னால் அடிக்க வருவார்கள்.

கதை இங்கே முடிந்திருந்தால் அப்பிச்சி பக்கம் அழுகை, அம்மா பக்கம் சிரிப்பு என்று முடிந்திருக்கும். ஆனால் தராசு ஒரே வருஷத்தில் புரண்டுவிட்டது.

2024 செப்டம்பர் 14-ஆம் தேதி, வெளிநாட்டு எண்ணெய்க்கு வரியை ஏற்றினார்கள். சுத்திகரிக்காததற்கு சைபரிலிருந்து 20 சதவீதம், இதர தீர்வைகளோடு 27.5. மாமா அன்றைக்கு நைட் ஷிப்ட் முடித்து வந்து செய்தி பார்த்துவிட்டு எனக்கு டீ வாங்கிக் கொடுத்தார். அப்புறம் கொப்பரை ஏற ஆரம்பித்தது, ஏறியது, ஏறிக்கொண்டே இருந்தது. 2025 நடுவில் கொப்பரை கிலோ 200-ஐத் தாண்டியது. தேங்காய் எண்ணெய் லிட்டர் 400-க்கு மேல். வரிதான் காரணம் என்று மாமா சொன்னார், நானும் நம்பினேன். ஆனால் 2025 மே 30-ல் அந்த வரியைப் பாதியாகக் குறைத்தபோதும் தேங்காய் விலை ஏறிக்கொண்டேதான் இருந்தது. உண்மைக் காரணம் காயே இல்லை. 2024 கோடையின் வெயில், 2016-ல் பொள்ளாச்சிப் பக்கம் வந்து பரவிய சுருள் வெள்ளை ஈ, வாடல் நோய் எல்லாம் சேர்ந்து மரத்தைக் காலி செய்திருந்தன. இந்தோனேஷியா, பிலிப்பைன்ஸிலும் காய்ப்பு குறைவு. அப்பிச்சி தோப்பில் ஒரு வெட்டுக்கு மூவாயிரம் காய் விழுந்த இடத்தில் ஆயிரத்துச் சொச்சம். விலை இருக்கிறபோது காய் இல்லை, காய் இருந்தபோது விலை இல்லை. இருந்தாலும் அவர் கையில் காசு பார்த்தது பல வருஷம் கழித்து அப்போதுதான். மாமா நிட்டிங் கம்பெனியில் கணக்கு முடித்துக்கொண்டு தோட்டத்துக்குத் திரும்பினார்.

அதே ஆகஸ்ட்டில் எங்கள் பக்கம் விழுந்தது அடி. அமெரிக்கா இந்தியச் சரக்குக்கு ஆகஸ்ட் 7 முதல் 25 சதவீதம், 27 முதல் இன்னொரு 25 என்று வரி போட்டது. வருஷத்துக்கு 40,000 கோடி ரூபாய்க்கு மேல் ஏற்றுமதி செய்கிற ஊரில் மூன்றில் ஒரு பங்கு போல அமெரிக்காவுக்குப் போகிறது. அம்மாவின் கம்பெனியில் முதலில் ஒன்றரை ஷிப்ட் ஒரு ஷிப்ட் ஆனது. அப்புறம் வாரத்தில் நான்கு நாள். சனிக்கிழமை சம்பளக் கவரை அம்மா இரண்டு தடவை எண்ணினார். இரண்டாவது தடவை எண்ணினால் கூடிவிடுமா என்ன.

அந்தச் சமயத்தில் பேச்சுவார்த்தை எங்கே முட்டியது தெரியுமா? விவசாயத்தில். அமெரிக்கச் சோளம், சோயா, பால் பொருளுக்குச் சந்தையைத் திறக்கச் சொன்னார்கள். ஆகஸ்ட் 7 அன்று எம்.எஸ்.சுவாமிநாதன் நூற்றாண்டுக் கருத்தரங்கில் பிரதமர், விவசாயிகள், மீனவர்கள், பால் உற்பத்தியாளர்கள் நலனில் சமரசமே கிடையாது என்று பேசினார். எங்கள் வீட்டு டிவியில் அதை அம்மா நின்றுகொண்டே கேட்டார். தன் அப்பாவுக்காகத் தன் சம்பளம் குறைகிறது என்று அம்மா அப்படி யோசித்திருக்க மாட்டார். நான் யோசித்தேன். பன்னிரண்டு நாள் கழித்து, ஆகஸ்ட் 19-லிருந்து, மில்களுக்கு உதவியாகப் பஞ்சு இறக்குமதி வரி 11 சதவீதத்தை டிசம்பர் கடைசி வரை எடுத்தார்கள் (முதலில் செப்டம்பர் வரை, பிறகு நீட்டிப்பு). அப்போது பருத்தி விவசாயி கத்தினார். யாருக்குக் கதவைத் திறந்தாலும் இன்னொருத்தர் விரல் அதில் மாட்டிக்கொள்கிறது.

அந்தத் தீபாவளிக்கு வெள்ளகோவில் போனோம். கேன் வழக்கம் போல வரவில்லை என்று மூன்று மாதமாகவே தெரியும். நாங்களும் கேட்கவில்லை. 400 ரூபாய் எண்ணெயை யார் சும்மா கேட்பது? அப்பிச்சி அம்மாவின் கையில் மடித்த நோட்டுக்கட்டு ஒன்றைத் திணித்தார். "வேல கம்மியாமே, வெச்சுக்க" என்றார். அம்மா வாங்கமாட்டேன் என்று அழுதார். அப்புறம் வாங்கிக்கொண்டார்.

நான் தண்ணீர் குடிக்க அடுப்படிக்குப் போனேன். அம்மாயி முறுக்குப் பிழிந்துகொண்டிருந்தார். சட்டியில் எண்ணெய் பொன்னிறமாக, வாசனையே இல்லாமல் கொதித்தது. திண்டுக்கு அடியில், அரிசி மூட்டைக்குப் பின்னால், எனக்கு நன்றாகத் தெரிந்த பாக்கெட் இரண்டு. அரசு முத்திரை, 25 ரூபாய்.

"காய் மொத்தத்தையும் வித்துப்போட்டாரு சாமி" என்றார் அம்மாயி குரலைத் தாழ்த்தி. "இந்த வெலைக்கு அதப் போயி யாராச்சும் முறுக்குச் சுடுவாங்களா? அவருக்குத் தெரியும். தெரியாத மாதிரி இருக்காரு. நீ ஒண்ணும் கேக்காத."

வெளியே திண்ணையில் அப்பிச்சி தட்டில் முறுக்கை உடைத்துக்கொண்டிருந்தார். எனக்கும் பாதி கொடுத்தார். நன்றாகத்தான் இருந்தது. "எப்படிறா இருக்குது?" என்றார்.

"நல்லா இருக்குதுங் அப்பிச்சி."

"நம்ம தோப்புக் காயி" என்றார், என் முகத்தைப் பார்க்காமல்.